தோழியாக நின்று பேச நான்கு நிமிடங்கள்: திருமண உரை எழுத உதவும் சேவை ஒன்றைப் பற்றி

கடந்த ஆவணியில் என் பள்ளிக்காலச் சிநேகிதிக்கு ரொறொன்ரோவில் திருமணம் நடந்தது. சனிக்கிழமை முகூர்த்தம், ஞாயிறு மாலை ஸ்காபரோவில் ஒரு மண்டபத்தில் வரவேற்பு. அந்த வரவேற்பில் ‘மெய்ட் ஒஃப் ஒனர்’, அதாவது மணப்பெண்ணின் தோழி, என்ற இடத்தில் நின்று ஏறத்தாழ முந்நூற்றைம்பது பேருக்கு முன்னால் நான்கு நிமிடம் பேசும் பொறுப்பு எனக்கு வந்து சேர்ந்தது. அந்த உரையை எழுதுவதற்கு இணையவழியில் இயங்கும் ஓர் உரை எழுதும் சேவையைப் பணம் கொடுத்து அமர்த்தினேன். அதில் எனக்குக் கிடைத்தது என்ன, கிடைக்காதது என்ன என்பதை, இதே பொறுப்பை ஏற்றிருக்கும் தமிழ்ப் பெண்களுக்குப் பயன்படட்டும் என்று எழுதுகிறேன். சேவையின் பெயரைக் குறிப்பிடவில்லை. அதை நடத்துபவர் பிரிட்டிஷ் கொலம்பியாவில் இருக்கும் ஒரே ஒரு பெண்மணி. அவர் செய்த நல்லதையும் தவறையும் ஒருங்கே சொல்லப்போவதால் பெயர் இல்லாமல் இருப்பதே முறை.

முதலில் இந்த உரை நமக்கு எவ்வளவு புதியது என்பதைச் சொல்ல வேண்டும். யாழ்ப்பாண வழக்கத்தில் திருமணத்துக்குத் தோழனும் உண்டு, தோழியும் உண்டு. தோழன் பெரும்பாலும் பெண்ணின் சகோதரன். மாப்பிள்ளை வந்திறங்கும்போது காலைக் கழுவி, மோதிரம் பெற்றுக்கொண்டு அவரை மணவறைக்கு அழைத்துச் செல்பவன். தோழி பெரும்பாலும் மாப்பிள்ளையின் சகோதரி. மணப்பெண்ணுக்குப் பக்கத்தில் நிற்பவள். இருவரும் ஒரு சொல்லும் பேச வேண்டியதில்லை. இங்கே வரவேற்பில் நிற்கும் தோழியோ மணப்பெண்ணே தேர்ந்தெடுத்த சிநேகிதி. பேசுவதுதான் அவளுடைய முதன்மையான வேலை. ஒத்திகைக்குப் போன அன்று மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர் ஒருவர், “தோழி எங்கடை பிள்ளை எல்லோ? நீங்கள் ஆர்?” என்று உண்மையாகவே குழம்பிக் கேட்டார். அவருடைய கேள்வி நியாயமானது. பிரிட்டிஷ் மரபிலும்கூடப் பெண்ணின் தகப்பனார், மாப்பிள்ளை, மாப்பிள்ளைத் தோழன் என்று மூன்று ஆண்களே பேசிவந்தார்கள். பெண்ணின் தோழி எழுந்து பேசுவது வட அமெரிக்காவில் இன்று வழக்கமாக ஊன்றிவிட்ட ஒன்று. ஆனால் சங்க அகப்பாடல்களை வாசித்தவர்களுக்குத் தோழி பேசுவது அந்நியமாகத் தோன்றாது. அங்கே தலைவியைவிட அதிகம் பேசுபவள் அவள்தான். தலைவியின் காதலைச் செவிலிக்கு எடுத்துச்சொல்லி அறத்தொடு நிற்பவளும் அவள்தான். என் உரையை எழுதிய நாட்களில் இந்த நினைவு எனக்குத் தைரியம் தந்தது.

சேவையை நாடுவதற்கு முன் நானே முயன்றேன். மூன்று இரவுகள் எழுதியதில் கிடைத்தது அவளுடைய நற்குணங்களின் பட்டியல் மட்டுமே. பிறகு செயற்கை நுண்ணறிவுச் செயலி ஒன்றிடம் ஐந்து வரியில் விபரம் கொடுத்து எழுதச் சொன்னேன். சில நொடிகளில் பிழையில்லாத ஆங்கிலத்தில் ஓர் உரை வந்தது. அன்பான மகள், உண்மையான நண்பி, எந்தத் துன்பத்திலும் புன்னகைப்பவள் என்றெல்லாம் அதில் இருந்தது. பெயரை மாற்றினால் அதே மாதத்தில் திருமணமாகும் எந்தப் பெண்ணுக்கும் அதை வாசிக்கலாம். குற்றம் செயலியுடையது மட்டுமன்று. நான் கொடுத்த ஐந்து வரியில் அவள் இருக்கவில்லை. ஆனால் எனக்குள் இருந்த மற்ற வரிகளைக் கேட்டு வாங்க யாராவது வேண்டியிருந்தது, அதை அந்தச் செயலி செய்யவில்லை. இந்தக் காரணத்துக்காகவே பணம் கொடுத்து ஒரு மனிதரிடம் போனேன்.

கட்டணம் 240 கனடிய டொலர். அதற்கு மேல் ஒன்ராறியோவுக்குரிய 13 வீத விற்பனை வரி. அந்தத் தொகைக்குள் ஒரு வினாக்கொத்து, முக்கால் மணிநேரத் தொலைபேசி உரையாடல், முதல் வரைவு, இரண்டு திருத்தங்கள், பேசிப் பழகுவதற்கான அரைமணிநேரக் காணொளி அமர்வு ஆகியன அடங்கும். “இருமொழி உரை” என்ற பெயரில் ஒரு கூடுதல் சேவையும் 60 டொலருக்கு இருந்தது. அதையும் சேர்த்து வாங்கினேன். அதைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன். எழுதப்பட்ட உரை முழுக்க என்னுடையது, வேறு எவருக்கும் கொடுக்கப்படமாட்டாது, நான் சொன்ன குடும்ப விடயங்கள் வெளியே போகமாட்டா என்று எழுத்தில் உறுதி தந்தார்கள். இந்த உறுதியை எந்தச் சேவையிடமும் பணம் செலுத்துமுன் கேட்டு வாங்க வேண்டும். நம்முடைய குடும்பங்களில் உரைக்குள் வராத கதைகள்தான் அதிகம். எழுதுபவருக்கு அவையும் தெரிய வேண்டியிருக்கும்.

வினாக்கொத்தில் இருபத்தாறு கேள்விகள். எங்கே சந்தித்தீர்கள், மாப்பிள்ளையைப் பற்றி அவள் முதன்முதலில் என்ன சொன்னாள் என்ற வழக்கமான கேள்விகளை ஒரே இரவில் நிரப்பிவிட்டேன். சில கேள்விகளுக்குத்தான் நாட்கள் எடுத்தன. அவள் கோபத்தில் இருப்பதை எதை வைத்து அறிவீர்கள்? அவள் வீட்டுக் குசினியில் எந்த இடத்தில் உட்காருவீர்கள்? மண்டபத்தில் இருப்பவர்களில் யார் அழுதால் மணப்பெண்ணால் தாங்க முடியாது? கடைசிக் கேள்விக்கு நான் எழுதிய பதில்தான் பின்னர் எங்களுக்கிடையே பெரிய கருத்து வேறுபாடாக வந்தது.

தொலைபேசி உரையாடல்தான் இந்தச் சேவையின் உயிர் என்று உறுதியாகச் சொல்வேன். நான் வினாக்கொத்தில் இப்படி எழுதியிருந்தேன்: “2006 தை மாதம் கனடாவுக்கு வந்தேன். மார்க்கம் வீதியும் லோறன்ஸ் அவெனியூவும் சந்திக்கும் இடத்தில் 102ஆம் இலக்கப் பஸ்ஸுக்குக் காத்திருந்தபோது அவள் தன் கையுறையை எனக்குத் தந்தாள். அன்று தொடக்கம் நண்பிகள்.” எனக்கு அது முழுமையான கதையாகவே பட்டது. அந்தப் பெண்மணி அந்த மூன்று வாக்கியங்களிலேயே பத்து நிமிடத்துக்கு மேல் நின்றார். ஒரு கையுறையா, இரண்டுமா என்று கேட்டார். ஒன்றுதான் என்றேன். எந்தக் கைக்கு என்றார். வலது கைக்கு. அப்படியானால் அவளிடம் இடதுகைக் கையுறை இருந்திருக்கிறது. உங்கள் இடது கையும் அவளுடைய வலது கையும் எங்கே இருந்தன என்று கேட்டார்.

எனக்கு உடனே பதில் வரவில்லை. பிறகுதான் நினைவு வந்தது. இரண்டு கைகளும் அவளுடைய குளிர்ச்சட்டையின் ஒரே பொக்கற்றுக்குள் இருந்தன. அந்தப் பொக்கற்றுக்குள் கசங்கிய பஸ் ட்ரான்ஸ்பர் துண்டுகள் கிடந்தன. என் விரல்களுக்கு அவற்றின் மொரமொரப்பு இப்போதும் தெரிகிறது. பஸ் வரும்வரை இரண்டு பேரும் அப்படியே ஒட்டி நின்றோம், அவ்வளவு நெருக்கமாக நிற்க வேண்டியிருந்ததால்தான் பேசவும் தொடங்கினோம். இருபது ஆண்டுகளாகக் “கையுறை தந்தாள்” என்று மட்டுமே நான் சொல்லிவந்த ஒரு நிகழ்ச்சிக்குள் இது மறைந்து கிடந்தது. மணப்பெண்ணுக்கே அது மறந்துபோயிருந்தது என்பதை வரவேற்பில் அவள் முகத்தைப் பார்த்து அறிந்தேன்.

ஐந்து நாளில் முதல் வரைவு வந்தது. ஆங்கிலத்தில் 640 சொற்கள். ஆங்கில உரையை நிதானமாகப் பேசினால் ஒரு நிமிடத்துக்கு 130 சொற்களளவில் போகும். ஆகவே அது கிட்டத்தட்ட ஐந்து நிமிடம். மூன்று முதல் ஐந்து நிமிடம் என்பதே பொதுவாகச் சொல்லப்படும் அளவு. ஆனால் தமிழ்ப் பகுதியும் சேர வேண்டியிருந்ததால் ஆங்கிலத்தை 400 சொற்களுக்குள் கொண்டுவரச் சொன்னேன். அவர் வெட்டிய விதம் எனக்குப் பிடித்திருந்தது. மணப்பெண்ணை வருணித்த அடைமொழிகள் எல்லாம் முதலில் போயின, நிகழ்ச்சிகள் தங்கின. நான்கு கதைகள் இருந்த இடத்தில் இரண்டு நின்றன: பஸ் தரிப்பிடமும், அவள் தாதியர் படிப்பின் கடைசித் தேர்வுக்கு முந்தின இரவு எனக்குக் காய்ச்சல் என்று கேள்விப்பட்டு இரசத்தோடு வந்த கதையும். மாப்பிள்ளைக்கு ஒரு பந்தி மட்டும். அதையும் அவரைப் புகழ்வதாக அமைக்காமல், அவரைச் சந்தித்த பிறகு அவளிடம் நான் கண்ட ஒரு மாற்றத்தைச் சொல்வதாக அமைத்தார். முன்பெல்லாம் தொலைபேசியை எடுத்தவுடன் “என்ன பிரச்சினை?” என்று கேட்பவள், இப்போது “சொல்லு” என்கிறாள் என்று நான் உரையாடலில் போகிறபோக்கில் சொன்னதை அவர் பிடித்து வைத்திருந்தார். மாப்பிள்ளையின் தாயாருக்கு உரையில் மிகவும் பிடித்த இடம் அதுதானாம்.

எதைச் சொல்லக்கூடாது என்பதிலும் அவருக்கு நல்ல தெளிவு இருந்தது. மணப்பெண்ணும் நானும் மட்டுமே சிரிக்கக்கூடிய உள்வீட்டுப் பகிடிகளை எடுத்துவிட்டார். இதற்கு முன் பேசி நின்றுபோன ஒரு சம்பந்தத்தைப் பற்றி நான் ஆதங்கத்தில் சொன்னதை வரைவில் சாடையாகக்கூடத் தொடவில்லை. உரையின் தொடக்கத்தில் “எனக்கு மேடைப் பழக்கம் இல்லை” என்று மன்னிப்புக் கேட்கும் ஒரு வரியை நான் சேர்த்திருந்தேன். கேட்பவர்களின் முதல் அரை நிமிடத்தை உங்களைப் பற்றிச் செலவிடாதீர்கள், அது அவளுடைய நேரம் என்று எழுதி அதை அகற்றினார்.

இனி, கருத்து வேறுபாட்டைச் சொல்ல வேண்டும். மணப்பெண்ணின் தகப்பனார் 1996இல் யாழ்ப்பாணத்தில் காணாமல் போனவர். அவளுக்கு அப்போது நான்கு வயது. இதை நான் வினாக்கொத்தில் எழுதியதற்குக் காரணம், உரையில் எதைத் தொடக்கூடாது என்பது எழுதுபவருக்குத் தெரிய வேண்டும் என்பதே. ஆனால் முதல் வரைவில் உரையின் உச்சமாக அதுவே வந்திருந்தது. இன்று இந்த மண்டபத்தில் ஒரு நாற்காலி வெறுமையாக இருக்கிறது என்று தொடங்கும் ஆறு வரிகள். எழுத்தாக அவை நன்றாகவே இருந்தன; வாசித்தபோது எனக்கும் கண் கலங்கியது. கலங்கியதாலேயே அதை நான் தனியாக முடிவெடுக்கத் துணியவில்லை. மணப்பெண்ணின் தாயாரிடம் போனேன். வரைவைக் காட்டவில்லை; அப்பாவைப் பற்றி ஒரு வரி சொல்லலாமா என்று மட்டும் கேட்டேன். அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “வேண்டாம் பிள்ளை. அண்டைக்கு நான் அழக்கூடாது” என்றார்.

அந்த மண்டபத்தில் அவர் எப்படி உட்கார்ந்திருப்பார் என்பதை அந்த எழுத்தாளரால் அறிந்திருக்க முடியாது. முந்தின நாள் மணவறையில் கன்னிகாதானம் செய்து கொடுக்கவிருந்தவர்கள் தாய்மாமனும் மாமியும். தாய் சற்றுத் தள்ளியே நிற்பார். வரவேற்பு மண்டபத்தில்தான் அவருக்கு முன்வரிசை நடுவில் இடம் ஒதுக்கப்பட்டிருந்தது. அவர் நிமிர்ந்து உட்காரும் அந்த ஒரு மாலையில், எல்லோரும் திரும்பி அவர் அழுவதைப் பார்க்கும்படி செய்வது எனக்குச் சரியாகப் படவில்லை. இதை விளக்கி எழுதினேன். எழுத்தாளர் மறுநாளே மன்னிப்புக் கேட்டு அந்தப் பகுதியை நீக்கினார். ஆனால் அதற்குப் பதிலாக வந்த வரிகள், குடும்பத்தின் அன்பு, தாயின் தியாகம் என்று பொதுவாகவே இருந்தன. நல்ல கேள்விகளைக் கேட்டு எழுதியவர், இந்த இடத்தில் மட்டும் கேட்காமலே நிரப்பிவிட்டார். அந்த வரிகளை நான் எடுத்துவிட்டேன். தாயைப் பற்றித் தமிழில் நானே சொல்வதாக முடிவு செய்தேன்.

தமிழ்ப் பகுதிக்குத்தான் அந்த 60 டொலர். மணப்பெண்ணின் அம்மம்மாவுக்கு எண்பத்தாறு வயது. அவருக்கும் அவரோடு வரும் மூத்தவர்களுக்கும் ஆங்கிலம் புரியாது. அவர்கள் கடைசிவரை உட்கார்ந்து புரியாத ஒன்றுக்குக் கைதட்டிவிட்டுப் போவதை எத்தனையோ வரவேற்புகளில் பார்த்திருக்கிறேன். ஆகவே ஒரு நிமிடமாவது தமிழில் இருக்க வேண்டும் என்பது என் விருப்பம். சேவையிலிருந்து வந்த தமிழோ மனிதர் எழுதியதாகத் தெரியவில்லை. ‘மெய்ட் ஒஃப் ஒனர்’ என்பது “மரியாதைப் பணிப்பெண்” என்று வந்திருந்தது. அம்மம்மாவை “நீ” என்று விளித்திருந்தது. கடைசி வரியில் கிண்ணத்தை உயர்த்தச் சொல்லும் இடத்தில் “அனைவரும் உங்கள் கண்ணாடிகளை உயர்த்துங்கள்” என்று இருந்தது. தமிழ் வாசிக்கத் தெரியாமல் வளர்ந்த ஒரு பிள்ளை இந்தச் சேவையை வாங்கி, ஆங்கில எழுத்தில் எழுதுவித்து, அப்படியே மேடையில் வாசித்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்து எனக்கு உண்மையில் வருத்தமாக இருந்தது. நம் பிள்ளைகளில் பலர் அப்படித்தான் வாசிக்கிறார்கள். தமிழ் தெரிந்த ஒருவர் பார்த்தாரா என்று கேட்டேன். மொழிபெயர்ப்பு மென்பொருளைப் பயன்படுத்தியதாக ஒப்புக்கொண்டார். இரண்டாவது மின்னஞ்சலுக்குப் பிறகு 60 டொலரும் வரியும் திரும்பக் கிடைத்தன. பணம் திரும்பியதால் அது சிறிய தவறாகிவிடாது. தெரியாத மொழியில் எழுதித் தருவதாக விலை போட்டு விற்கக்கூடாது.

இருந்தாலும் இருமொழி உரைக்கான மிகச் சிறந்த அறிவுரையும் அவரிடமிருந்தே வந்தது என்பதை மறைக்க மாட்டேன். ஒரே செய்தியை இரண்டு மொழியிலும் சொல்லாதீர்கள் என்றார். இரண்டு மொழியும் தெரிந்தவர்கள்தான் மண்டபத்தில் அதிகம். அவர்கள் ஒன்றையே இரு தரம் கேட்டுச் சலிப்பார்கள். ஒவ்வொரு மொழியிலும் அந்த மொழிக்காரருக்கு மட்டுமே உரியதைச் சொல்லுங்கள் என்றார். இந்த அறிவுரையைப் பின்பற்றித்தான் ஆங்கிலத்தில் அவளுடைய நட்பையும், தமிழில் அவளுடைய வீட்டையும் வைத்தேன்.

தமிழ்ப் பகுதியை எழுத எனக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுவதும் எடுத்தது. அந்தப் பெண்மணி என்னிடம் கேட்ட விதத்திலேயே என்னை நானே கேட்டுக்கொண்டேன். தாயைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? தியாகம் என்ற சொல் வரக்கூடாது. அவர் கையில் என்ன இருந்தது? இரவு வேலை முடித்து காலை ஆறரைக்கு வீடு திரும்பும் அவர், படுக்கப் போவதற்கு முன் பள்ளிக்குச் சாப்பாட்டுப் பெட்டி கட்டுவார். நான் அவர்கள் வீட்டு வாசலில் போய் நிற்கத் தொடங்கிய இரண்டாவது வாரத்திலிருந்து அங்கே இரண்டு பெட்டிகள் இருந்தன. சிவப்பு மூடி மகளுக்கு, நீல மூடி எனக்கு. புட்டும் சம்பலும், சில நாட்களில் இடியப்பமும் சொதியும். அதற்காக அவர் ஒருநாளும் என்னிடம் ஒன்றும் சொன்னதில்லை. எனக்கும் சேர்த்துத் தேங்காய் துருவினார், அவ்வளவுதான். இதை எழுதியபோது தகப்பனாரைப் பற்றி ஒரு சொல்லும் இல்லாமலே அந்த வீட்டின் காலை நேரம் முழுவதும் வந்துவிட்டதாக எனக்குப் பட்டது.

தமிழில் எழுதும்போது கவனிக்க வேண்டிய ஒன்று, சொற்கணக்கு. ஆங்கிலத்தில் மூன்று நான்கு சொல்லாக நிற்பது தமிழில் ஒரே சொல்லாக ஒட்டிக்கொள்கிறது. நான் வாசித்துப் பார்த்ததில் ஒரு நிமிடத்துக்கு ஏறத்தாழ 90 தமிழ்ச் சொற்களே போயின. ஆங்கிலக் கணக்கை நம்பி 130 சொல் எழுதிவிட்டு, ஒரு நிமிடத்தில் முடியவில்லையே என்று அவசரமாக வாசித்தால் மூத்தவர்களுக்கு ஒன்றும் விளங்காது. 110 சொற்களோடு நிறுத்தினேன். மேடையில் வாசிக்கும் தமிழ் எழுத்துத் தமிழாக இருக்க வேண்டுமா, பேச்சுத் தமிழா என்பதையும் யோசித்தேன். “சபையோர் அனைவருக்கும் வணக்கம்” என்று தொடங்கிவிட்டு, அம்மம்மாவை விளித்த இடத்திலிருந்து அவரோடு வீட்டில் கதைக்கும் தமிழுக்கே போய்விட்டேன். அவரிடம் வேறு எந்தத் தமிழிலும் நான் பேசியதில்லை.

கிண்ணம் உயர்த்தும் கடைசி வரி இன்னொரு சிக்கல். இப்படிக் கிண்ணம் உயர்த்தி வாழ்த்துவதைக் குறிக்கும் ‘ரோஸ்ற்’ என்ற ஆங்கிலச் சொல் மதுவில் ரொட்டித் துண்டைச் சுட்டுப் போட்ட பழைய ஐரோப்பிய வழக்கத்திலிருந்து வந்தது. அந்த வழக்கம் இன்று இல்லாவிட்டாலும் சொல்லுக்குள் மது இருக்கிறது. எங்கள் மண்டபத்தில் பாதி மேசைகளில் பழச்சாறும் தண்ணீரும்தான். ஆங்கிலத்தில் அந்த வரியை அப்படியே விட்டேன். தமிழில் வேறு ஒன்று சொன்னேன்: “நேற்று மணவறையில் அறுகரிசி போட்டு வாழ்த்திய அதே கைகளால் இன்று ஒருதரம் கைதட்டி வாழ்த்துங்கோ.” இதை எந்தச் சேவையும் எழுதித் தந்திருக்க முடியாது. ஆனால் அந்த இடத்தில் ஒன்று வேண்டும், கேட்பவர்கள் தங்கள் கையால் செய்யக்கூடிய ஒரு காரியம் இருக்க வேண்டும் என்று கற்றுத் தந்தது அந்தச் சேவைதான்.

பேசிப் பழகும் அமர்வு அரைமணிநேரம் என்றார்கள். ஐம்பது நிமிடம் தந்தார். நான் ஒருதரம் முழுவதையும் வாசித்தேன், அவர் நேரம் குறித்தார். பதற்றத்தில் எல்லோரும் வேகமாக வாசிப்பார்கள் என்பதால் வீட்டில் நான்கேகால் நிமிடம் வருவது மேடையில் மூன்றரைக்கு வந்துவிடும் என்று எச்சரித்தார். நிறுத்த வேண்டிய இடங்களில் சாய்கோடு போடச் சொன்னார். தொலைபேசியைப் பார்த்து வாசிக்க வேண்டாம், திரை அணைந்துபோகும், அதன் வெளிச்சம் முகத்தில் விழும் என்றார். கடினத் தாள் அட்டைகளில் பெரிய எழுத்தில் அச்சிட்டு, இலக்கமிட்டு, ஒரு மூலையில் துளையிட்டு வளையத்தில் கோர்க்கச் சொன்னார். ஒலிவாங்கியை நாடிக்குக் கீழே, ஒரு கைப்பிடி அளவு தள்ளிப் பிடிக்கப் பழக்கினார். பழகும்போது கையில் நான் வைத்திருந்தது ஒரு மரக்கரண்டி. எல்லாவற்றையும்விட, எட்டு அட்டைகளில் ஒன்றை, எடுத்துவிட்டாலும் உரை உடையாத ஒன்றாக அடையாளமிடச் சொன்னார். நாலாவது அட்டையை அப்படி வைத்தேன்.

மேடைப் பேச்சை முறையாகப் பழக விரும்புவோருக்கு ரோஸ்ற்மாஸ்ரர்ஸ் கழகங்கள் இருக்கின்றன. 1924இல் கலிபோர்னியாவின் சாந்தா அனாவில் தொடங்கிய அமைப்பு அது. பச்சை, மஞ்சள், சிவப்பு விளக்குகளால் நேரத்தைக் காட்டுவார்கள். புதிதாகச் சேர்பவரின் முதல் உரையே நான்கு முதல் ஆறு நிமிடம்தான், தோழி உரைக்குக் கிட்டத்தட்ட அதே அளவு. ஓராண்டு முன்னதாகவே அழைப்புக் கிடைத்தவர்களுக்கு அந்த வழி மிக நல்லது, செலவும் குறைவு. எனக்கு இருந்தது ஏழு வாரம்.

வரவேற்பு நாளில் எட்டு மணிக்கு என்று போட்டிருந்த உரைகள் தொடங்கும்போது மணி ஒன்பதே முக்கால். பரிமாறல் தொடங்கிவிட்டது, தட்டுச் சத்தத்துக்கு நடுவே நிகழ்ச்சித் தொகுப்பாளர் என் காதில் “சுருக்கிச் சொல்லுங்கோ அக்கா” என்றார். நாலாவது அட்டையைப் பின்னால் தள்ளினேன். பொக்கற்றுக்குள் இருந்த இரண்டு கைகளைப் பற்றிச் சொன்ன இடத்தில் மணப்பெண் தன் வலது கையைத் திருப்பிப் பார்த்தாள். தமிழ் தொடங்கியதும் முன்வரிசையில் தட்டுச் சத்தம் நின்றது. நீல மூடியை நான் சொன்னபோது தாயார் அழவில்லை. பக்கத்தில் இருந்தவரிடம் குனிந்து ஏதோ சொல்லிச் சிரித்தார். பிறகு நான் மேசைக்குப் போனபோது என் கையைப் பிடித்து, “அந்தப் பெட்டி இப்பவும் என்ரை குசினியிலை கிடக்கு, பிள்ளை” என்றார்.

இந்தச் சேவையை நான் பரிந்துரைப்பேனா என்றால், ஆங்கில உரைக்குத் தயக்கமின்றிப் பரிந்துரைப்பேன். 240 டொலர் சிறிய தொகையன்று. அதில் பாதியளவு அந்த முக்கால் மணிநேர உரையாடலுக்கும், மீதி அந்த எட்டு அட்டைகளுக்கும் போனதாகவே கணக்கு வைக்கிறேன். வரைவு ஒன்றை மட்டும் மலிவாக எழுதி அனுப்பும் வேறு சேவைகளுக்கு அதில் கால்பங்கு கொடுக்கவும் எனக்கு மனம் வராது. இருமொழிக் கூடுதல் சேவையை எந்தத் தமிழரும் வாங்க வேண்டாம். குடும்பத்தில் இழப்பு இருந்தால், எதைத் தொடக்கூடாது என்பதைத் தொலைபேசியிலேயே தெளிவாகச் சொல்லிவிட வேண்டும்; எழுத்தில் கொடுத்தால் அது கதைப்பொருளாகிவிடுகிறது. திருமணத்துக்குக் குறைந்தது ஆறு வாரம் முன்பே பதிவு செய்ய வேண்டும். வைகாசியிலிருந்து புரட்டாதி வரை அவருக்கு வேலை அதிகம். எனக்கு இரண்டாவது திருத்தம் வர எட்டு நாளானது.

வருகிற வைகாசியில் என் சித்தியின் மகள் இதே இடத்தில் நிற்கப் போகிறாள். அவளுக்குத் தமிழ் பேச வரும், வாசிக்க வராது. போன சனிக்கிழமை அவளை என் குசினி மேசையில் உட்காரவைத்து, அவளுடைய தொலைபேசியில் ஒலிப்பதிவைப் போட்டுவிட்டு, தமிழ்ப் பகுதியை முதலில் தொடங்கினோம். அவளுடைய சிநேகிதியின் அப்பப்பா அவளை என்ன பெயர் சொல்லிக் கூப்பிடுவார் என்று கேட்டேன். அவள் சொல்லத் தொடங்கி, இருபது நிமிடம் பேசினாள்.